துணிக்குப் பின்னால் பார்த்த பூதம்

மாரியம்மன் திருவிழா முடிந்த மறுநாள் ராத்திரி எங்கள் தோட்டத்துத் திடலில் படம் போடுவார்கள். கோலாலம்பூரிலிருந்து ஒருவர் வேனில் வருவார். இரண்டு கம்பம் நட்டு, நடுவில் வெள்ளைத் துணியை இழுத்துக் கட்டி, நான்கு மூலைக் கயிற்றையும் முறுக்கி முறுக்கிச் சுருக்கம் போக்குவார். ஜெனரேட்டர் உறுமும் சத்தம் தொழிலாளர் வீட்டு வரிசையான லயம் வரைக்கும் கேட்கும். அதைக் கேட்டதும் பாயைச் சுருட்டி அக்குளில் வைத்துக்கொண்டு பிள்ளைகள் எல்லாம் ஓட்டம் பிடிப்போம். பெரியவர்கள் வெற்றிலைப் பையோடு மெதுவாக வருவார்கள். மறுநாள் காலை இருட்டோடு பிரட்டுக்கு, அதாவது வேலைக்குப் பேர் கொடுக்கும் வரிசையில், நிற்க வேண்டியவர்கள்தான் அத்தனை பேரும். ஆனாலும் அந்த ஒரு ராத்திரி யாரும் தூக்கத்தைப் பற்றிப் பேச மாட்டார்கள்.

சுங்கை பூலோவில் ரப்பர் ஆராய்ச்சிக் கழகத்துக்குச் சொந்தமான தோட்டம் அது. ஆர்ஆர்ஐ என்றால் எல்லாருக்கும் தெரியும். 1925இல் வெள்ளைக்காரர் காலத்தில் தொடங்கிய கழகம். மற்ற தோட்டங்களில் பால்மரம் பால்மரம்தான். எங்கள் தோட்டத்தில் மரத்துக்கு நம்பர் உண்டு. ஆர்ஆர்ஐஎம் 600 என்ற ரகம் பல நாடுகளுக்குப் போய்ப் பேர் வாங்கியது. எங்கள் அப்பாவுக்கு அது வெறும் ‘அறுநூறு’. “அறுநூறு இன்னிக்கு நல்லா பால் குடுத்துச்சு” என்று, வீட்டுப் பசுவைச் சொல்வதுபோலச் சொல்வார்.

1976ஆம் வருஷத்துத் திருவிழாவுக்கு ‘பட்டணத்தில் பூதம்’ வருகிறது என்று முதல் நாளே செய்தி பரவிவிட்டது. எனக்கு ஒன்பது வயது. மற்ற பிள்ளைகள் குதித்தார்கள். எனக்கு வயிற்றைக் கலக்கியது. காரணம் எங்கள் தாத்தா.

தாத்தா சாயங்காலம் லயத்து வாசலில் பலகை போட்டு உட்கார்ந்து கதை சொல்வார். அராபியக் கதைகள் அடங்கிய பழைய தமிழ்ப் புத்தகம் ஒன்று அவரிடம் இருந்தது. அட்டை கிடையாது, முதல் பத்துப் பக்கமும் கிடையாது. அதிலிருந்து மீனவன் கதையை அடிக்கடி சொல்வார். ஏழை மீனவன் வலை வீசுகிறான். செத்த கழுதை வருகிறது, மண் நிறைந்த பானை வருகிறது, கடைசியில் முத்திரை வைத்த ஒரு ஜாடி வருகிறது. சுலைமான் ராஜா அடைத்து வைத்த பூதம் அதற்குள்ளே இருக்கிறது. முத்திரையை உடைத்ததும் புகை கிளம்பி வானத்தைத் தொடுகிறது. வெளியே வந்த பூதம் மீனவனைப் பார்த்து, “எப்படிச் சாக ஆசைப்படுகிறாய், அதை மட்டும் சொல்” என்று கேட்கிறது.

“ஏன் தாத்தா, அவன்தானே தொறந்து விட்டான்?”

தாத்தா வெற்றிலையை ஒதுக்கிக்கொள்வார். “மொதல்ல நூறு வருஷம், தொறந்து விடறவனுக்குச் செல்வம் குடுக்கணும்னு நெனச்சுச்சு. யாரும் வரல. அப்புறம் பூமியில இருக்கிற பொதையலெல்லாம் குடுக்கணும்னு நெனச்சுச்சு. அப்பவும் யாரும் வரல. காத்திருந்து காத்திருந்து அதுக்கு மனசு கசந்துபோச்சு. இனிமே எவன் தொறந்தாலும் கொல்றதுன்னு முடிவு பண்ணிடுச்சு. அடைச்சு வச்சா அப்படித்தான் ஆகும்.”

இந்தப் பூதம்தான் எங்கள் திடலுக்கு வருகிறது என்று நான் நம்பினேன். ஆகவே யோசித்து ஒரு வழி கண்டுபிடித்தேன். துணிக்கு முன்னால் உட்கார்ந்தால் அல்லவா பூதம் என்னைப் பார்க்கும்? பின்னால் போய் உட்கார்ந்துவிட்டால் அதன் முதுகுதானே தெரியும்? பாய் எடுத்து வர மறந்துவிட்டதாக அம்மாவிடம் சொல்லிவிட்டு, வீட்டுக்கு ஓடிப்போய், வேண்டுமென்றே நேரம் கடத்தி, இருட்டில் சுற்றி வந்து துணிக்குப் பின்பக்கம் உட்கார்ந்தேன். அங்கே ஏற்கெனவே இடம் கிடைக்காத ஏழெட்டுப் பேர் இருந்தார்கள்.

தோட்டத்தில் படம் பார்த்தவர்களுக்குத் தெரியும், பின்னால் இருந்தாலும் படம் அதே படம்தான். முகமும் தெரியும். எழுத்து மட்டும் இடவலம் மாறி, கண்ணாடியில் பார்ப்பதுபோல இருக்கும். வலக்கை இடக்கையாகிவிடும். துணியின் நெசவு கண்ணுக்குத் தெரியும். காற்றடித்தால் நடிகர்களின் வயிறு உப்பி அடங்கும். புரொஜெக்டரின் வெளிச்சம் நெசவின் ஓட்டை வழியாகத் துளித்துளியாக வந்து நம் மேலேயே விழும். நான் போய்ச் சேர்ந்தபோது ஜாடி திறந்தாகிவிட்டது. பூதம் வெளியே வந்து நின்று சிரித்துக்கொண்டிருந்தது. நல்ல காற்று. பூதத்தின் மார்பு எங்களை நோக்கி உப்பி உப்பி வந்தது. நான் பக்கத்திலிருந்தவரின் கைலியைப் பிடித்துக்கொண்டேன்.

பிறகுதான் ஒன்று கவனித்தேன். அந்தப் பூதம் யாரையும் கொல்லவில்லை. தன்னைத் திறந்துவிட்ட இளைஞர்களிடம் குழைந்து குழைந்து பேசியது. அவர்களுக்கு ஏதாவது செய்ய வேண்டுமே என்று தவித்தது. கூடைப்பந்தாட்டக் காட்சியில் அதன் மாயத்தால் பந்து போகிற போக்கைப் பார்த்துத் திடலே எழுந்து நின்று கூவியது. துணிக்கு முன்பக்கமிருந்து வந்த அந்தச் சத்தம் அலைபோல எங்கள் மேல் மோதியது. எங்கள் அம்மா அப்படிச் சத்தம் போட்டுச் சிரித்து நான் அதற்கு முன் கேட்டதில்லை. இருட்டில் அத்தனை குரல்களுக்கு நடுவில் அம்மாவின் சிரிப்பு எனக்குத் தனியாகத் தெரிந்தது. அப்போது என் பயம் போய்விட்டது. எழுந்து நடந்து, முன்பக்கம் போய், அம்மா மடியில் உட்கார்ந்துகொண்டேன்.

முடிவை நான் பார்க்கவில்லை. தூங்கிவிட்டேன். அப்பா தோளில் கிடந்து வீடு வரும்போது அவரும் இன்னொருவரும் படத்திலிருந்த ஒரு பாட்டைப் பற்றிப் பேசிக்கொண்டு வந்தது மட்டும் அரைத் தூக்கத்தில் காதில் விழுந்தது. சிவகாமியின் மகனிடம் சேதி சொல்லச் சொல்லும் பாட்டு அது. காமராசரின் தாயார் பேர் சிவகாமி, கண்ணதாசன் காமராசரை நினைத்துத்தான் எழுதினார் என்று அப்பா சொல்லிக்கொண்டிருந்தார். கடலுக்கு இப்பால் பிறந்து, தமிழ்நாட்டை ஒரு தடவைகூடப் பார்க்காத மனிதர் அப்பா.

மறுநாளிலிருந்து லயமே ஜீபூம்பா ஆகிவிட்டது. பூதத்தின் பேர் அது. எதைத் தொட்டாலும் ஜீபூம்பா. குழாயடியில் தண்ணீர் நின்றுபோனால் ஜீபூம்பா. கிராணி (குமாஸ்தா) வீட்டுக் கொய்யாவில் கல் எறிவதற்கு முன் ஜீபூம்பா. எங்கள் வீட்டுக் குளியல் கொட்டகையில் சீனர்கள் செய்த பெரிய ஜாடி ஒன்று இருந்தது. தெம்பாயான் என்போம். பழுப்பு நிறம், உடம்பைச் சுற்றி நாகம் நெளியும். அதன் மூடியைத் திறந்து, உள்ளே தலையை விட்டு ஜீபூம்பா என்று கத்துவேன். என் குரலே பெரிய ஆண்குரலாகத் திரும்பி வரும். அம்மா அகப்பையோடு வரும்வரை கத்துவேன். ஜாடி எப்படித் திறந்தது, பூதம் எப்படி வெளியே வந்தது என்பதை நான் பார்க்கவில்லை அல்லவா? அதனால் அந்தக் காட்சியை நானே நூறு விதமாக உண்டாக்கிக்கொண்டேன். மலாய்க் கிராமத்துப் பையன்களோடு விளையாடும்போது அவர்கள் பி. ரம்லீயின் ‘அலி பாபா பூஜாங் லாப்போக்’ பற்றிச் சொல்வார்கள். நாங்கள் எம்.ஜி.ஆரின் அலிபாபாவைச் சொல்வோம். குகை ஒன்றுதான், வாசல் இரண்டு. பூதம் மட்டும் எங்களிடம்தான் இருந்தது.

சில வருஷம் கழித்து, சமூக நிலையத்துக் கருப்பு வெள்ளைத் தொலைக்காட்சியில் ஆர்டிஎம் அதே படத்தைப் போட்டது. ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்று பார்த்தேன். வண்ணப்படம் சாம்பல் நிறமாக ஓடியது. பழைய ஜாடி நாயகன் கைக்கு வருவதையும், மூடி திறந்து புகை கிளம்புவதையும் அன்றுதான் பார்த்தேன். நான் மனதில் எடுத்த படம் இதைவிட நன்றாக இருந்தது என்று இன்றைக்கும் சொல்வேன். ஆனால் பூதத்தின் அந்தச் சிரிப்பை மட்டும் என்னால் உண்டாக்கியிருக்க முடியாது.

அந்தச் சிரிப்புக்குச் சொந்தக்காரர் ஜாவர் சீதாராமன். அவரைப் பற்றிப் பெரியவனான பிறகுதான் தெரிந்துகொண்டேன். 1950இல் வந்த ‘ஏழை படும் பாடு’ விக்டர் ஹியூகோவின் நாவலைத் தழுவியது. அதில் ஜாவர் என்ற போலீஸ் அதிகாரியாக நடித்தார். அந்தப் பேர் அவரோடு ஒட்டிக்கொண்டது. ஒரு பிரெஞ்சு நாவலின் பாத்திரத்தைத் தன் பேரில் தாங்கிய மனிதர், 1967இல் ஓர் ஆங்கில நாவலிலிருந்து வந்த பூதத்துக்கு உடம்பு கொடுத்தார். எழுத்தும் அவர்தான். ‘கொஞ்சும் சலங்கை’ எடுத்த எம்.வி. ராமன் இயக்கினார். ஜெய்சங்கரும் கே.ஆர். விஜயாவும் நாகேஷும் நடித்தார்கள். ஆர். கோவர்த்தனம் இசை.

மூல நாவலின் பேர் ‘தி பிராஸ் பாட்டில்’. பித்தளைக் குப்பி என்று சொல்லலாம். எழுதியவர் எஃப். ஆன்ஸ்டி. உண்மைப் பேர் தாமஸ் ஆன்ஸ்டி குத்ரி. டி. ஆன்ஸ்டி என்று அச்சாக வேண்டியது அச்சுப் பிழையால் எஃப். ஆன்ஸ்டி ஆகி, அப்படியே நிலைத்துவிட்டது. இப்படிப் பேர் தானாக வந்து ஒட்டிக்கொண்ட இருவரும் ஒரே பூதத்தைப் பங்கு போட்டுக்கொண்டது எனக்கு ஆச்சரியமாக இருக்கிறது. நாவல் 1900இல் வந்தது. லண்டனில் வேலையில்லாமல் இருக்கும் இளம் கட்டடக்கலைஞன் ஒருவன் ஏலத்தில் குப்பியை வாங்குகிறான். சுலைமான் அடைத்த பூதம் வெளியே வந்து நன்றிக் கடனைத் தீர்க்கப் புறப்படுகிறது. குறுகிய வாடகை வீட்டு வாசலில் ஒட்டக வரிசை வந்து நிற்கிறது. காதலியின் தந்தை கோவேறு கழுதையாகிவிடுகிறார். ஊமைப் படக் காலத்திலேயே இதை இரண்டு தடவை எடுத்துவிட்டார்கள். 1964இல் ஹாலிவுட் மறுபடி எடுத்தது. பர்ல் ஐவ்ஸ் பூதம், டோனி ராண்டல் நாயகன். அந்தப் படத்தின் வழியாகத்தான் கதை மதராசுக்கு வந்தது. ரஷ்யாவில் லாகின் என்ற எழுத்தாளர் 1938இல் இதே சாயலில் பிள்ளைகளுக்கென்றே ‘ஹொத்தாபிச் கிழவன்’ கதையை எழுதினார். ஆற்றில் கிடைத்த குப்பியை ஒரு பள்ளிக்கூடப் பையன் திறக்கிறான். 1956இல் அதுவும் படமானது. அந்தக் கதையில் பூதம் கால்பந்தாட்டத்தில் புகுந்து கலக்குகிறது. மதராஸ் பூதத்துக்குக் கூடைப்பந்து. பூதத்தைக் கையில் வைத்துக்கொண்டு பந்தாட்டத்தை விட்டுவைக்க எந்த ஊர்ப் பிள்ளையின் மனசும் ஒப்பாது போலிருக்கிறது.

ஆன்ஸ்டியின் நாவலைக் கோலாலம்பூரில் ஒரு பழைய புத்தகக் கடையில் வாங்கி, ரயிலில் வரும்போதே பாதி படித்தேன். நல்ல நாவல். ஆனால் முடிவு எனக்குப் பிடிக்கவில்லை. பூதம் மறுபடி குப்பிக்குள் போய், குப்பி தேம்ஸ் ஆற்றில் விழுகிறது. அதன் உதவி எல்லாம் உபத்திரவமாகிவிட்டது, உண்மைதான். அதற்காகத் திருப்பி அடைப்பதா? படித்து முடித்த ராத்திரி எனக்குத் தாத்தாவின் குரல்தான் கேட்டது.

அந்தக் குரலோடு சேர்ந்து இன்னொரு நாளும் நினைவுக்கு வந்தது.

சுங்கை பூலோவின் இன்னொரு பக்கம், 1930இல் திறந்த தொழுநோய்க் குடியிருப்பு இருக்கிறது. நம்பிக்கைப் பள்ளத்தாக்கு என்பது அதன் பேர். எங்கள் லயத்தில் அந்தப் பேரை யாரும் சொன்னதில்லை. பெருவியாதி ஆஸ்பத்திரி என்பார்கள், அதையும் குரலைத் தாழ்த்திச் சொல்வார்கள். நோய் கண்டவர்களைச் சட்டப்படி குடும்பத்திலிருந்து பிரித்துக் கொண்டுவந்து வைத்த இடம். ஒரு காலத்தில் 2,000 பேருக்கு மேல் இருந்தார்கள். கோவில், மசூதி, தேவாலயம், குருத்வாரா, பள்ளிக்கூடம் எல்லாம் உள்ளேயே இருந்தன. அங்கே பிறந்த குழந்தைகளைப் பெற்றவர்களிடம் விட்டுவைக்க மாட்டார்கள், வெளியே கொடுத்துவிடுவார்கள். 1936இல் அவர்களுக்கென்று தனி நோட்டே அடித்தார்கள். அவர்கள் தொட்ட பணம் வெளியாள் கைக்கு வந்துவிடக் கூடாது என்ற பயம்தான் காரணம். நாங்கள் சேட்டை செய்தால், “அந்த ஆஸ்பத்திரியிலேர்ந்து வந்து பிடிச்சுக்குவாங்க” என்று பெரியவர்கள் மிரட்டுவார்கள். பிள்ளைகளை மிரட்டப் பூதம் கிடைக்காத வீட்டில் அந்த மனிதர்களைப் பூதமாக்கி வைத்திருந்தோம்.

மருந்து வந்து நோய் குணமாகத் தொடங்கி வெகுகாலம் ஆகியிருந்தது. குணமானவர்களுக்குத் திரும்பிப் போக வீடு இல்லை. அங்கேயே செடி வளர்த்து விற்றார்கள். இன்றைக்குச் சுங்கை பூலோ என்றதும் பலருக்கு ஞாபகம் வரும் பூச்செடிக் கடைகள் அப்படிப் பிறந்தவைதான்.

பூதப்படம் பார்த்த அதே வருஷம், தீபாவளிக்கு முன்னால், அம்மா என்னை அங்கே கூட்டிப் போனார். வாசலில் வைக்க மல்லிகைச் செடி வேண்டுமாம். வழியெல்லாம் நான் அம்மாவின் சேலையை விடவில்லை. கடையில் ஒரு சீனக் கிழவர் இருந்தார். அம்மா அவரை அப்பேக் என்று கூப்பிட்டார். தலையில் ஓலைத் தொப்பி. செடிகளுக்குத் தகர வாளியால் தண்ணீர் விட்டுக்கொண்டிருந்தார். வாளியின் பிடியில் துணி சுற்றியிருந்தது. அவருடைய வலக்கையில் இரண்டு விரல்தான் முழுசாக இருந்தன. மற்றவை கணுவோடு நின்றுவிட்டிருந்தன. அந்தக் கையால் அவர் செடியின் வேரைச் சுற்றி மண்ணை அழுத்திய விதம் எனக்கு இப்போதும் கண்ணில் நிற்கிறது. தூங்குகிற குழந்தைக்குப் போர்வை சரி செய்வதுபோல அத்தனை மெதுவாக.

செடி ஒரு வெள்ளி நாற்பது காசு. அம்மா இரண்டு வெள்ளி கொடுத்தார். கிழவர் மிச்சம் அறுபது காசை எண்ணி, ஒரு பிஸ்கட் டின் மூடியில் வைத்து, பலகை மேலே அம்மாவை நோக்கித் தள்ளினார். தள்ளிவிட்டுக் கையை உடனே இழுத்துக்கொண்டார். எத்தனை வருஷப் பழக்கமோ. அம்மா மூடியைத் தொடவில்லை. உள்ளங்கையை விரித்து நீட்டினார். கிழவர் அம்மாவின் முகத்தைப் பார்த்தார். “அம்பில், அம்பில்” என்று மூடியைக் காட்டினார், எடுத்துக்கொள் என்று. அம்மா கையை மடக்கவே இல்லை. அவர் காசைப் பொறுக்கி அம்மாவின் கையில் வைத்தார். இருபது காசு மூன்று. ஒன்று நழுவி விழுந்தது. நான் குனிந்து எடுத்தேன்.

எடுத்து நிமிர்ந்தபோது அவர் சிரித்தார். பல் பாதி இல்லை. வயிறு குலுங்கிய பெரிய சிரிப்பு. திடலில் துணிக்குப் பின்னாலிருந்து நான் பார்த்த சிரிப்பு போலவே இருந்தது.

திரும்பி வரும்போது கேட்டேன், “அவங்களை யாரும்மா அடைச்சு வச்சாங்க?”

“கவர்மெண்டு.”

“எதுக்கு?”

“எல்லாருக்கும் பயம்.”

கொஞ்ச தூரம் நடந்த பிறகு, “அவருக்குக் கோவம் இல்லியா?” என்றேன். அம்மா பதில் சொல்லவில்லை. செடியை என் கையில் கொடுத்துவிட்டார். வீடு வரைக்கும் நான்தான் தூக்கி வந்தேன்.

தாத்தாவின் பூதத்துக்குக் கோபம் வந்தது நியாயம். அதை நான் எந்நாளும் மறுக்க மாட்டேன். ஆனால் அத்தனை காலம் அடைபட்டும் வெளியே வந்ததும் திறந்தவனுக்கு என்ன செய்யலாம் என்று கேட்ட பூதத்தை ஒன்பது வயதில் பார்த்திருக்காவிட்டால், அன்றைக்கு அந்தக் காசைக் குனிந்து எடுத்திருப்பேனா என்பது சந்தேகம்தான். நாவலின் மேன்மையைக் கெடுத்துவிட்டார்கள், தழுவல் மூலத்துக்கு உண்மையாக இல்லை என்றெல்லாம் படங்களைப் பற்றிப் பேசுவதைக் கேட்கிறேன். ஆன்ஸ்டியைவிட ஜாவர் சீதாராமன் எனக்கு அதிகம் கொடுத்தார். இது என் தீர்ப்பு, மாற்றிக்கொள்ள மாட்டேன்.

தோட்டம் இப்போது இல்லை. ‘அறுநூறு’ ரக மரங்கள் வெட்டுப்பட்டு, அந்த நிலத்தில் குவாசா டாமன்சாரா என்ற நகர் எழும்பிக்கொண்டிருக்கிறது. 2016 டிசம்பரிலிருந்து எம்ஆர்டி ரயில் ஓடுகிறது. தொழுநோய்க் குடியிருப்பின் ஒரு பகுதியை 2007இல் இடித்துவிட்டார்கள், அங்கே பல்கலைக்கழக வளாகம் நிற்கிறது. மீதி இருக்கும் பகுதியில் வயதானவர்கள் சிலர் இன்னும் வாழ்கிறார்கள். பூச்செடிக் கடைகள் அப்படியே இருக்கின்றன. அந்தப் பக்கம் போனால் ஒரு செடி வாங்கி வாருங்கள், பிள்ளைகளையும் கூட்டிப் போங்கள். மிச்சக் காசைக் கை நீட்டி வாங்குங்கள்.